கொடுத்தவர் வரட்டும்

என்னுடைய குடையை வாங்குவதற்காக நான் ஒருமுறை கொட்டும் மழையில் அறுபத்து மூன்று படிகள் இறங்கிப் போயிருக்கிறேன். தேயிலைத் தோட்டத்துப் பதிவேட்டில் அறுபது என்றுதான் இருக்கும். அது பிழை. அடியில் மூன்று படிகளை மண் மூடியிருந்தது, ஆனாலும் கால் வைத்தால் தெரியும்.

காலையில் பிள்ளைக்காம்பராவைப் பார்வையிடப் போனபோது குடையை அங்கே மறந்துவிட்டேன். மத்தியானம் மழை பிடித்ததும் கந்தோர்ப் பியோனை அனுப்பினேன். அவன் நனைந்துகொண்டு போய், குடை இல்லாமல் நனைந்துகொண்டே திரும்பி வந்தான்.

"ஆயா தரமாட்டேங்குதுங்க. வச்சவங்க வரட்டும்னு சொல்லுது."

நானே போனேன். ஆயா வாசலில் ஒரு குழந்தையை இடுப்பில் வைத்தபடி நின்றார்.

"மழைக்குத்தானே ஆயா குடை கேட்டனான். இப்ப முழுக்க நனைஞ்சுபோய் நிக்கிறன்."

"நனைஞ்சது நனைஞ்சிட்டீங்க. இந்தாங்க, குடைய நல்லா காயவச்சு மடிச்சு வச்சிருக்கேன்."

அவ்வளவுதான் ஆயா. அவரிடம் ஒருவர் ஒன்றை ஒப்படைத்தால், ஒப்படைத்தவர் கைக்கே அது திரும்பிப் போகும். வேறு எந்தக் கைக்கும் போகாது. தோட்டத்தை நடத்தும் துரையே வந்து கேட்டாலும் போகாது.

தோட்டம் ஸ்பிரிங்வெளிக்கு மேலே, பதுளையிலிருந்து பஸ்ஸில் ஒன்றேகால் மணித்தியாலம். நான் அங்கே இருபத்தாறு வருடம் கிளாக்கராக இருந்தேன். ஊர் யாழ்ப்பாணம், உத்தியோகம் இங்கே கிடைத்தது. பிள்ளைக்காம்பரா என்பது கொழுந்தெடுக்கப் போகும் பெண்கள் பிள்ளைகளை விட்டுச் செல்லும் நீண்ட ஓர் அறை. இரண்டு ஜன்னல்கள், அதில் ஒன்றுதான் திறக்கும். பதினொரு சேலைத் தொட்டில்கள். பிள்ளைகள் எத்தனை என்று மாதம் ஒருமுறை நான் எண்ணி எழுத வேண்டும். நான் விரலை நீட்டி எண்ணத் தொடங்கினாலே ஆயாவுக்கு முகம் மாறிவிடும்.

"புள்ளைங்கள எண்ணாதீங்கய்யா. கண்ணு பட்டுரும்."

"பிறகு எப்பிடி ஆயா கணக்கு எழுதுறது?"

"காலையில எத்தனை கை குடுத்துச்சோ, சாயந்தரம் அத்தனை கைக்குக் குடுத்துருவேன். அதுக்கு மேல என்னங்க கணக்கு?"

நான் செருப்புகளை எண்ணி இரண்டால் பிரித்தேன். பாதிப் பிள்ளைகளுக்குச் செருப்பு இல்லாததால் அதுவும் சரிவரவில்லை.

ஒருநாள் ஒரு தகப்பன் வேலை முடியுமுன்பே வந்து மகனைக் கேட்டான். கொஞ்சம் குடித்திருந்தான், ஆனால் நிதானம் தவறவில்லை. கோயில் திருவிழாவுக்குக் கூட்டிப்போகத்தான் வந்திருந்தான்.

"நான் அப்பன் ஆயா!"

"அப்பனாவே இருப்பா, யாரு வேணாம்னா? காலையில யாரு குடுத்தா? நீயா?"

"எம் பொண்டாட்டி."

"அப்ப அவ வரட்டும். நீ அந்தக் கல்லுல உக்காரு. பசிச்சா ரொட்டி இருக்கு."

அவன் ஒன்றே முக்கால் மணித்தியாலம் அந்தக் கல்லில் உட்கார்ந்திருந்தான். மகன் ஜன்னலுக்கு உள்ளே, அவன் ஜன்னலுக்கு வெளியே. இரண்டு பேரும் ஒரே ரொட்டியைக் கம்பிக்கூடாகப் பிய்த்துத் தின்றதை நான் பார்த்தேன். திருவிழாவுக்குப் பிந்திவிட்டதென்று அடுத்தநாள் அவன் கந்தோருக்கு வந்து முறையிட்டான். நான் ஆயாவைக் கூப்பிட்டு விசாரித்தேன். "நாளைக்கு வேற ஒருத்தன் வந்து அப்பன்னு சொல்லுவான்யா" என்றார்.

தொழிலாளர்கள் குடியிருக்கும் லயத்தில், அவருடைய அறையில் ஒரு குத்துவிளக்கு இருந்தது. தோட்டத்து ஆட்களை இந்தியாவுக்குத் திருப்பி அனுப்பும் ஒப்பந்தத்தின்போது கப்பலேறிய பக்கத்து வீட்டுக்காரர்கள், போய்க் கடிதம் போடுகிறோம், யாரிடமாவது கொடுத்தனுப்பு என்று விட்டுப்போனது. கடிதம் வரவில்லை. ஆயா தீபாவளிக்குத் தீபாவளி அதைப் புளி போட்டுத் துலக்கி, மறுபடி சாக்கில் சுற்றி வைப்பார். ஒருநாளாவது அதை ஏற்றியதில்லை. "ஏத்தினா எண்ணெய்க் கறை புடிக்கும். அவங்க வந்து கேட்டா?" என்பார். வந்து கேட்கவேண்டியவர்கள் போய் இருபது வருடத்துக்கு மேலாகியிருந்தது.

இந்தக் குணத்தைப் பிடிவாதம் என்று நான் நெடுநாள் நினைத்திருந்தேன். அது வேறு ஏதோ என்று எனக்குத் தெரிந்தது தொண்ணூறுகளின் தொடக்கத்தில், தோட்டத்துக்குப் படம் பிடிக்க ஆட்கள் வந்தபோதுதான்.

நாலு பேர் வந்தார்கள், ஐந்து நாள் தங்கினார்கள். டைரக்டர் கொழும்பிலிருந்து வந்த ஒரு இளம்பெண், இருபத்தெட்டு வயதுக்குள் இருக்கும். நல்ல பிள்ளை. தோட்டத்துத் தாய்மாரையும் பிள்ளைகளையும் பற்றி ஒரு விவரணப் படம் எடுக்கப்போவதாகச் சொன்னாள். வெளிநாட்டில் காட்டுவார்களாம். துரை என்னைக் கூப்பிட்டு, "கூடப் போய், பேப்பரில கையெழுத்து வாங்கிக் குடு" என்றார்.

அந்தப் பேப்பர் ஆங்கிலத்தில் இருபத்திரண்டு வரி. எடுத்த படத்தை எங்கேயும் எப்போதும் எந்த விதத்திலும் பயன்படுத்தலாம், பிறகு ஆட்சேபிக்க மாட்டேன் என்பது அதன் சாரம். நான் அதைக் காலைப் பெரட்டுக்கு, அதாவது வேலைக்குப் போகுமுன் எல்லோரும் கூடிப் பேர் கொடுக்கும் இடத்துக்குக் கொண்டுபோனேன். தேவைப்பட்டது பன்னிரண்டு பெண்களின் கையெழுத்து. "நேரம் போகுது, கெதியாய் வையுங்கோ" என்றேன். ஒன்பது நிமிடத்தில் பத்தொன்பது கையெழுத்து விழுந்தது. கேட்டதைவிட ஏழு ஏன் கூடியது என்று நான் யோசித்திருக்க வேண்டும். எதையும் எண்ணாமல் விடாதவன், அன்று எண்ணியதோடு நிறுத்திக்கொண்டேன்.

ஆயா மட்டும் பேப்பரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"படிச்சுக் காட்டுங்கய்யா."

"இங்கிலீசிலை கிடக்கு ஆயா."

"அப்பத் தமிழ்ல சொல்லுங்க."

"இப்ப நேரமில்லை."

"அப்ப எனக்கும் நேரமில்லைங்க. பின்னாடி போடுறேன்."

நாலாம் நாள் லயத்தில் ஒரு தாயோடு பேசிக்கொண்டிருந்தார்கள். இருபத்து நாலு வயதுப் பெண். மூன்று வயது மகள் மடியில் இருந்தாள். டைரக்டர் பெண் அன்பாகத்தான் கேட்டாள், அந்தத் தாயும் மனம் விட்டுச் சொன்னாள். அதற்கு முந்திய வருடம் ஆயா காய்ச்சலாகிப் பதுளை ஆஸ்பத்திரியில் மூன்று வாரம் கிடந்தார். காம்பரா பூட்டப்பட்டது. பார்த்துக்கொள்ள வேறு ஆள் இல்லை. வேலைக்குப் போகாவிட்டால் பேர் விழாது, சம்பளமும் இல்லை. ஆகவே அந்தத் தாய் மகளின் காலைச் சேலைத் துண்டால் கட்டில் காலோடு கட்டிவிட்டு மலைக்குப் போயிருக்கிறாள், மூன்று வாரமும். வாசலுக்கு வெளியே தண்ணீர் ஓடும் கான் இருக்கிறது. முன்பு ஒரு பிள்ளை அதில் விழுந்திருந்தது. சொல்லும்போது அவள் அழுதாள்.

டைரக்டர் பெண் கொஞ்சம் பொறுத்து, "எப்படிக் கட்டினீங்கன்னு ஒருதடவை காட்ட முடியுமா அக்கா?" என்று கேட்டாள்.

அந்தத் தாய் அவளைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள். தோட்டத்தில் யாரும் கிளாக்கரைப் பார்ப்பது அனுமதிக்காகத்தான். மேலே மழை இருண்டுகொண்டு வந்தது. அன்று மாலை நான் பதுளைக்குப் போகவேண்டியிருந்தது; கடைசி பஸ்ஸை விட்டுவிடுவேனோ என்ற பதற்றத்தில் இருந்தேன்.

"காட்டும் பிள்ளை. கெதியாய் முடியட்டும்" என்றேன்.

அவள் கட்டினாள். சிறுமி முதலில் விளையாட்டென்று சிரித்தாள். தாய் வாசலைத் தாண்டியதும் சிறுமி அழத் தொடங்கினாள். அது நடிப்பல்ல, போன வருடத்து அழுகை. மூன்று நிமிடம் இருபது விநாடி காமிரா ஓடியது. நான் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

மறுநாள் ஆயாவைப் படம் பிடிக்கக் காம்பராவுக்குப் போனார்கள். காலையில் பிள்ளையை விடும்போதே அந்தத் தாய் நடந்ததைச் சொல்லியிருக்கிறாள். ஆயா ஒரு முக்காலியைக் காட்டினார்.

"உக்காரு பாப்பா. மொதல்ல நான் ஒண்ணு கேக்குறேன். நேத்து லயத்துல எடுத்தத எங்க வச்சிருக்க?"

"இந்தப் பைக்குள்ளதான் இருக்கு ஆயம்மா."

"அத அவகிட்ட குடுத்துட்டுப் போ."

"அவங்க சம்மதிச்சுத்தான் எடுத்தோம். கையெழுத்து இருக்கே."

அப்போது பத்து மணி. கைக்குழந்தைக்காரிகள் பால் கொடுக்க மலையிலிருந்து இறங்கி வந்தார்கள். ஆயா அவர்களைப் பார்த்துக் கேட்டார்.

"ஏய் புள்ளைங்களா, அன்னைக்குப் பெரட்டுல என்னத்துக்குக் கையெழுத்துப் போட்டீங்க?"

"தகரத்துக்கு" என்றாள் ஒருத்தி.

"லயத்துக் கூரைக்குப் புதுத் தகரம் தர்றாங்கள்ல, அந்த லிஸ்டு" என்றாள் இன்னொருத்தி. மூன்றாமவள் நேரே என்னிடம் திரும்பினாள். "எப்பங்கய்யா வரும்? எங்க வீட்டுல கட்டிலுக்கு மேலயே ஒழுகுது."

அந்த மாதம் தகரம் வரப்போவதாக ஒரு பேச்சு அடிபட்டது உண்மை. கிளாக்கர் பெரட்டில் பேப்பர் நீட்டினால் அது தகரம்தான் என்று அவர்கள் எடுத்துக்கொண்டார்கள். பெயர் விட்டுப்போகக்கூடாதென்று வேறு பிரிவிலிருந்தும் ஓடிவந்து வைத்திருக்கிறார்கள். அதுதான் அந்த ஏழு.

டைரக்டர் பெண் என்னைப் பார்த்தாள். நான் தொட்டில்களைப் பார்த்தேன். பதினொன்றும் இருந்தன.

அவள் உடனே விட்டுவிடவில்லை. அவள் சொன்னதிலும் நியாயம் இருந்தது.

"ஆயம்மா, இந்த ஒரு காட்சிய பாத்தா போதும், யாரா இருந்தாலும் மனசு கரையும். இன்னொரு காம்பரா கட்டுவாங்க, ரெண்டாவது ஆயா போடுவாங்க. நாளைக்கு வேற ஒரு பிள்ளையக் கட்டிப்போட வேண்டி வராது."

"கட்டட்டும் பாப்பா, நல்லதுதான். அதுக்கு ஏன் அந்தப் புள்ள கால கேக்குற? எங்கால கட்டி எடு."

பெண்கள் சிரித்தார்கள். ஆயா சிரிக்கவில்லை. காலை நீட்டியபடியே பேசினார்.

"ஆஸ்பத்திரியில போய்ப் படுத்தது நானு. காம்பராவப் பூட்டிட்டுப் போனது நானு. தொறக்க ஒரு ஆளப் போடாதவங்க கந்தோருல இருக்காங்க. எங்களக் கேளு, நாங்க சொல்றோம். அவ மூணு வயசுப் புள்ள. அவகிட்ட யாரு கேட்டா?"

பதில் ஆள் வேண்டுமென்று நான் மேலிடத்துக்கு இரண்டு கடிதம் எழுதியிருந்தேன். மூன்றாவது எழுதவில்லை.

"நான் யோசிக்கணும்" என்று சொல்லிவிட்டு டைரக்டர் பெண் அன்று ஒன்றும் எடுக்காமலே போய்விட்டாள். பையும் அவளோடு போனது.

அடுத்த திங்கட்கிழமை நான் அந்த இருபத்திரண்டு வரியையும் தமிழில் எழுதிக்கொண்டுபோய்ப் பெரட்டில் வாசித்தேன். நாற்பது நிமிடம் பிடித்தது. கங்காணி நாலுதரம் முறைத்தார். தகரம் இல்லையென்று தெரிந்ததும் என்னைத் திட்டியவர்களும் உண்டு. ஐந்து பேர் பெயரை வெட்டினார்கள். பிறகு ஆட்சேபிக்க மாட்டேன் என்ற ஏழாவது வரியை மறுபடி வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, ஆயா அன்றைக்குத் தன் பெயரை எழுதினார்.

இரண்டரை மாதம் கழித்து டைரக்டர் பெண் தனியாக வந்தாள். காமிரா இல்லை, ஆட்கள் இல்லை. கையில் இரண்டு வீடியோ கசெட்டுகள். ஒன்று அவர்கள் எடுத்த மூலம், மற்றது வீட்டு வீடியோ டெக்கில் போட்டுப் பார்க்கும்படி மாற்றியது. வேறு பிரதி தன்னிடம் இல்லை என்றாள்.

"நான் அத நிறையத் தடவை போட்டுப் பாத்தேன் ஆயம்மா. ஒவ்வொரு தடவையும் சத்தத்தைக் குறைச்சுட்டுத்தான் பாக்க முடிஞ்சது. எனக்கே கேக்க முடியாதத மத்தவங்களுக்கு எப்படிப் போட்டுக் காட்டுறது?"

ஆயா அவளுக்குத் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தார். பிறகு மலைக்கு ஆள் அனுப்பி அந்தத் தாயை வரவழைத்தார். கசெட்டுகளை அவள் கையில் கொடுக்கச் சொன்னார். விவகாரம் அத்தோடு முடிந்தது என்று நான் நினைத்தேன்.

அந்தத் தாய் வாங்கியதும் அடுப்படிக்குப் போனாள்.

"என்ன புள்ள செய்யப்போற?"

"நெருப்புல போடப்போறேன் ஆயா."

ஆயா எழுந்து போய் அடுப்புக்கு முன்னால் நின்றுகொண்டார். கொடுத்தவர் கைக்குக் கொடுத்த பிறகு அவர் குறுக்கே நின்றதை நான் கண்டது அந்த ஒரு தடவைதான். அவருக்கே அது பிடிபடாதது போல அடுப்பையும் கசெட்டுகளையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு சொன்னார்.

"நான் தப்பாச் சொல்லிட்டேன் புள்ள. இது நீ குடுத்தது இல்ல. இதுல அழுதது அவ. அவளோடது. அவ பெருசாகி வந்து வாங்கிக்கிட்டு, எரிக்கிறதுன்னா எரிக்கட்டும்."

"பெருசாகி இதப் பாத்துட்டு என்னயக் கேட்டா? ஏம்மா என்னயக் கட்டிப்போட்டேன்னு கேட்டா நான் என்னன்னு சொல்லுவேன் ஆயா? எனக்கு அவ ஒருத்திதானே இருக்கா!"

"நடந்தத சொல்லு."

"ஒனக்கென்ன, புள்ளையா குட்டியா, நீ சொல்லுவ!"

ஆயாவுக்குப் பிள்ளைகள் இல்லை. தோட்டத்தில் யாரும் அவரிடம் அதைச் சொன்னதில்லை. அவர் அடுப்பை விட்டு நகரவில்லை. கையை நீட்டிக்கொண்டே நின்றார். கடைசியில் அந்தத் தாய் கசெட்டுகளைத் தரையில் வைத்துவிட்டுப் போனாள். பதினொரு நாள் அவள் மகளைக் காம்பராவுக்குக் கொண்டுவரவில்லை, யாரோ உறவுக்கிழவியிடம் விட்டாள். பன்னிரண்டாம் நாள் கொண்டுவந்து விட்டாள், பேசாமல். அவர்களுக்குள் பேச்சுத் தொடங்க ஒரு வருடத்துக்கு மேல் ஆனது. ஆயா செய்தது சரிதானா என்று நான் எத்தனையோ தடவை என்னையே கேட்டிருக்கிறேன். பெற்றவள் எரிக்க நினைத்ததைத் தடுக்க அவருக்கு என்ன உரிமை?

பிறகு டைரக்டர் பெண் ஆட்களோடு திரும்பி வந்து ஆயாவைப் படம் பிடித்தாள். படம் வெளிவந்தது. அந்தக் காட்சி அதில் இல்லை. ஆயாதான் அதில் நெடுநேரம் பேசினார், காம்பராவைப் பூட்டிய கதையை. நாலு வருடம் கழித்து இன்னொரு காம்பரா கட்டினார்கள், இரண்டாவது ஆயாவும் வந்தார். படத்தால்தானா என்று எனக்குத் தெரியாது.

நான் ஓய்வுபெற்றுப் பதுளையில் ஒரு சின்ன வீட்டில் இருக்கத் தொடங்கி எட்டாவது வருடம், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை ஆயா வந்தார். எழுபது தாண்டியிருந்தார். கூட அந்தத் தாயும் மகளும். மகளுக்குப் பத்தொன்பது வயது. உயர்தரம் பாஸ்பண்ணி, அடுத்த மாதம் ஆசிரியர் பயிற்சிக்குப் போக இருந்தாள். போகுமுன் ஆயா அவளைக் கூப்பிட்டு, "ஒன்னோடது ஒண்ணு எங்கிட்ட இருக்கு" என்று சொல்லியிருக்கிறார்.

"கிளாக்கரய்யா, ஒங்ககிட்ட அந்த டெக்கு இருக்குதுங்களா?"

இருந்தது. கசெட்டில் பூஞ்சணம் பிடித்திருக்குமே என்று எனக்குப் பயம். அந்த மலையில் புத்தகம், செருப்பு, சீலை எல்லாவற்றிலும் பிடிக்கும். ஆயா பொதியை அவிழ்த்தார். தேயிலைப் பெட்டிக்குள் போடும் ஈயத்தாளில் ஏழு சுற்று. உள்ளே கசெட்டுகள் இரண்டும் புதிதுபோல இருந்தன.

"தூள் நமத்துப்போகாம இருக்கத்தானே தாளு போடுறாங்க" என்றார்.

பதினாறு வருடம் வைத்திருந்தவர் ஒருமுறையும் அவற்றைப் போட்டுப் பார்க்கவில்லை. யாரிடமும் சொல்லவுமில்லை. அவற்றை இரண்டு கையாலும் மகளிடம் கொடுத்தார். தாய் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அவளுடைய விரல்கள் சேலைத் தலைப்பை முறுக்கிக்கொண்டிருந்தன.

டெக்கை இயக்கிக் காட்டிவிட்டு நான் கதிரையை இழுத்தேன். அந்தப் பெண் என்னைப் பார்த்தாள்.

"ஐயா, மொதல்ல நானும் அம்மாவும் பாக்குறோம். நீங்க கொஞ்சம் வெளிய இருக்கீங்களா?"

என்னுடைய வீடு, என்னுடைய டெக். "ஓம் பிள்ளை" என்று சொல்லிக்கொண்டு வெளியே வந்தேன். ஆயா எனக்கு முன்பே விறாந்தையில் உட்கார்ந்திருந்தார். கதவு சாத்திக்கொண்டது.

அழுகைச் சத்தம் கேட்டது. மூன்று வயதுப் பிள்ளையின் அழுகை. ஆயா கண்ணை மூடிக்கொண்டார். நான் கைக்கடிகாரத்தைப் பார்க்கவில்லை. பிறகு அது நின்றது. பிறகு கசெட்டைப் பின்னால் ஓட்டும் இரைச்சல். மறுபடி அழுகை, பாதியில் நிறுத்தம். பிறகு மகளின் குரல், வெளியே எங்களுக்குத் தெளிவாகக் கேட்டது.

"அம்மா, இங்க பாருங்க. துணிய மடிச்சு உள்ள வச்சுல்ல கட்டியிருக்கீங்க. காலு நோகாம."

தாய் ஏதோ சொன்னாள். அது எனக்குக் கேட்கவில்லை.

அன்று அந்த லயத்தில் நான் அவர்களிடமிருந்து ஆறடி தூரத்தில் நின்றேன். மடித்து வைத்த துணியை நான் பார்க்கவில்லை.

கதவு திறந்தது. மகளின் முகம் வீங்கிச் சிவந்திருந்தது.

"ஆயம்மா, உள்ள வாங்க. நான் சின்னப்புள்ளையில எப்படி இருந்தேன்னு பாருங்க. எனக்கு வேற போட்டோவே இல்ல."

"நான் பாக்காததாடி கழுத?" என்றார் ஆயா. ஆனாலும் அவசரமாக எழுந்தார். முழங்காலைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனார்.

என்னை யாரும் கூப்பிடவில்லை. நானும் கேட்கவில்லை. ஆயா இப்போது இல்லை; இதை எழுதலாமா என்று அவரிடம் கேட்க வழியில்லாததால் அவர் பெயரை இங்கே போடவில்லை. மகளிடம் கேட்டேன். பெயர் இல்லாமல் எழுதுங்கள் என்றாள்.

அன்று விறாந்தையில் இருந்தபடி, மறுபடி சாத்திக்கொண்ட கதவையே பார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளே ஆயா ஏதோ சொல்ல, சிரிப்பு வெடித்தது. ஒன்று ஆயாவுடையது. ஒன்று மகளுடையது. மூன்றாவதாக ஒரு சிரிப்பும் கேட்டது. இருபத்தாறு வருடம் அந்தத் தோட்டத்தில் இருந்தும் அதை நான் ஒருநாளும் கேட்டதில்லை.